அற்புதத்துக்கு முன்பே எழுந்து போகிறவளுக்கு

பக்கத்து நாற்காலி அம்மாள் ஒரு கொத்து வேப்பிலையை மஞ்சள் துணியில் முடிந்து மடியில் வைத்திருக்கிறாள். உள்ளே அவள் வீட்டுக்காரருக்கு ஆபரேஷன். மின்விசிறி சுற்றும்போதெல்லாம் அந்த வேப்பிலை வாசனையும் தரை துடைத்த பினாயில் வாசனையும் கலந்து வருகின்றன. இரண்டும் சேர்ந்தால் எனக்கு ஆஸ்பத்திரி ஞாபகம் வருவதில்லை. திண்டிவனத்தில் நாம் போன சினிமா தியேட்டர்தான் ஞாபகம் வருகிறது. அங்கேயும் வெள்ளிக்கிழமை மதியக் காட்சிக்கு முன்னால் பினாயில் போட்டுத் துடைத்து, வாசலில் வேப்பிலைத் தோரணம் கட்டுவார்கள்.

சுவரில் மாட்டிய டிவியில் ஓர் அம்மன் படம் வேறு ஓடிக்கொண்டிருக்கிறது. நாம் பார்த்ததா என்று சொல்லத் தெரியவில்லை. எல்லாவற்றிலும் அதே புற்று, அதே பாம்பு, அதே கண் உருட்டும் மந்திரவாதி. பிள்ளை நீலம் பாரித்துக் கிடக்கிறது, தாய்க்காரி கோயில் வாசலில் விழுந்து பாட ஆரம்பித்துவிட்டாள். அதைக் கேட்டதும் என் கால் தானாக எழுந்து நின்றுவிட்டது. எங்கே போவது என்று தெரியாமல் சுற்றும்முற்றும் பார்த்துவிட்டு மறுபடி உட்கார்ந்தேன். அந்தப் பாட்டுக்கு எழுந்து போகிறவள் நான் இல்லை, நீ. நல்லவேளையாக நடுவில் சோப்பு விளம்பரம் போட்டார்கள்.

உனக்கு முதலில் விஷயத்தைச் சொல்லிவிடுகிறேன். இது விழுப்புரத்தில் ஓர் ஆஸ்பத்திரி. கதவுக்கு அந்தப் பக்கம் ஐசியூவில் இருப்பது என் மகள். நீ தலை வாரிப் பின்னி, பூ வைத்து அழகு பார்த்தாயே, அவள்தான். பெண் குழந்தை பிறந்திருக்கிறது. குழந்தைக்கு ஒரு குறையும் இல்லை, சம்பந்தியம்மா கையில் இருக்கிறது. ஆனால் பிரசவம் முடிந்த கையோடு இவளுக்கு பிரஷர் ஏறி வலிப்பு வந்தது. அதற்குப் பிறகு கண் திறக்கவில்லை. மருந்து போய்க்கொண்டிருக்கிறது, பொறுத்துத்தான் பார்க்க வேண்டும் என்கிறார் டாக்டரம்மா. என் வீட்டுக்காரரும் மாப்பிள்ளையும் மருந்துக்கும் ரத்தத்துக்கும் அலைகிறார்கள். நான் கதவைப் பார்த்தபடி உட்கார்ந்திருக்கிறேன். எனக்குப் பயமாக இருக்கிறது. சுற்றி வளைத்துச் சொல்ல எனக்குத் தெரியவில்லை, பயமாக இருக்கிறது.

போனில் தமிழில் எழுத அவள்தான் எனக்குச் சொல்லிக்கொடுத்தாள். அந்தப் பழக்கத்தில் இதை உனக்கு எழுதுகிறேன். உன் நம்பரை இன்னும் அழிக்கவில்லை. அனுப்பினால் யாருக்குப் போகும் என்று தெரியாததால் அனுப்பப்போவதும் இல்லை.

இன்றைக்கு அமாவாசை. என் நாத்தனாரை உனக்குத் தெரியும், வீட்டுக்காரரின் தங்கை, எதற்கெடுத்தாலும் சாமி குத்தம் என்பவள். காலையிலிருந்து ஒரே பிடியாக, அண்ணி, நீங்கள் மேல்மலையனூருக்குப் போய் ஆத்தாவிடம் மடிப்பிச்சை கேளுங்கள் என்கிறாள். இப்போது பஸ் விசாரிக்கப் போயிருக்கிறாள். வந்ததும் நான் பதில் சொல்ல வேண்டும். அதற்குள் உன்னிடம் பேச வேண்டும் என்று தோன்றியது. இதில் உன்னை விட்டால் எனக்கு யோசனை சொல்ல ஆள் இல்லை.

தையல் கம்பெனியில் நம் சூப்பர்வைசரை நினைத்துப் பார். வேறு எந்தப் படத்துக்கு அரை நாள் லீவு கேட்டாலும் எரிந்து விழுவார். அம்மன் படம் என்றால் மட்டும் வாயைத் திறக்காமல் தலையாட்டுவார். தடுத்தால் தன் வீட்டில் அம்மை போட்டுவிடும் என்று அவருக்குப் பயம். அந்தப் பயத்தில் நாம் எத்தனை படம் பார்த்தோம்! தைத்த நைட்டிகளை மடித்து வைத்துவிட்டு, தலையில் ஒட்டியிருக்கும் நூலைக்கூடத் தட்டாமல் ஓடுவோம்.

தியேட்டர் வாசலில் அம்மன் சிலை வைத்திருப்பார்கள். குங்குமத் தட்டும் கற்பூரமும் இருக்கும். கோயிலுக்குள் போவதுபோல எல்லாரும் செருப்பை வெளியே விட்டுவிட்டுத்தான் படத்துக்குள் போவோம். யார் சொன்னார்கள், எப்போது ஆரம்பித்தது, ஒன்றும் தெரியாது. ஒருத்தி கழற்றினால் பின்னால் வருகிறவளுக்குக் காலில் போட்டுக்கொண்டு நடக்கத் தைரியம் வராது. உள்ளே கடைசிக் கட்டத்தில் அம்மன் திரையில் இறங்கினால் இங்கே நாலு பேருக்குச் சாமி வந்துவிடும். டிக்கெட் கிழிக்கிறவரே குடத்தில் மஞ்சள் தண்ணீரோடு தயாராக நிற்பார். படம் விட்டதும் வாசலில் செருப்புக்காக நடக்கும் தள்ளுமுள்ளில் சாமி வந்தவளும் முழங்கையால் இடிப்பாள். எத்தனையோ பேர் அடுத்தவர் செருப்போடு வீடு போய்ச் சேர்ந்திருக்கிறார்கள்.

நமக்கு மட்டும் அந்தத் தொல்லை இல்லை. தாய்க்காரி பாட ஆரம்பித்ததுமே நீ எழுந்துவிடுவாய். முட்டிகளை இடித்துக்கொண்டு, திட்டு வாங்கிக்கொண்டு, வெளியே போவாய். நான் வரும்போது மல்லாட்டைக் கடலை வறுக்கும் வண்டிக்காரர் பக்கத்தில், என் செருப்பையும் உன் செருப்பையும் காலடியில் ஜோடியாக வைத்துக்கொண்டு நிற்பாய். என்னைப் பார்த்ததும் ஒரே கேள்விதான்.

"புள்ள எந்திரிச்சிடுச்சா?"

"எந்திரிச்சிடுச்சு."

"சரி வா, போலாம்."

அதற்கு மேல் கதை கேட்கமாட்டாய். வில்லன் என்ன ஆனான், அம்மன் சூலத்தால் குத்தினாளா, தீயில் தள்ளினாளா, எதிலும் உனக்கு அக்கறை இல்லை. உனக்கு மூத்திரப் பையில் ஏதோ கோளாறு என்றுதான் நான் வெகுநாள் நினைத்துக்கொண்டிருந்தேன். கிண்டலும் செய்தேன். நீ கோபித்துக்கொள்ளவில்லை. "உள்ள பேஜாரா கீதுடி, காத்து வாங்கிக்கினு இருந்தேன்" என்பாய்.

தவக்காலத்தில் நம் தெருக்கோடியில் சர்ச்சுக்காரர்கள் வெள்ளைத் துணி கட்டி ஏசு படம் போட்டபோதுதான் எனக்குச் சந்தேகம் வந்தது. இறந்துபோன சிறுமியை அவர் கையைப் பிடித்து எழுப்பும் கட்டம் வந்தது. திரும்பிப் பார்த்தால் நீ இல்லை. டீக்கடை விளக்குக்குக் கீழே முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கிறாய். அன்றைக்கும் அதே கேள்வி, அதே பதில், அதே சரி வா போலாம். எந்தச் சாமியாக இருந்தாலும் இவளுக்கு இந்த இடம் ஆகாது என்று புரிந்தது. ஏன் என்று கேட்கத்தான் வாய் வரவில்லை. உனக்கு ஒரு பெண் பிறந்து, சின்ன வயதிலேயே காய்ச்சலில் போய்விட்டது என்பது எனக்குத் தெரியும். தெருவுக்கே தெரியும். நீ அதைப் பற்றிப் பேசினதில்லை, நாங்களும் கேட்டதில்லை.

ஒரே ஒரு படத்துக்கு நீ கடைசிவரை உட்கார்ந்திருந்தாய். அது மறுபிறவிப் படம். செத்துப்போன பெண் வேறு வீட்டில் பிறந்து வளர்ந்து, ஒருநாள் பழைய அம்மாவைத் தேடி வருகிறாள். காதுக்குப் பின்னால் அதே மச்சம். எனக்கு அந்த மாதிரிப் படங்கள் என்றாலே சிரிப்பு. நீ சிரிக்கவில்லை. மறுநாள் சாயந்திரம் என் வீட்டுக்கு வந்தாய். என் மகளை மடியில் இழுத்து உட்காரவைத்துத் தலை வாரினாய். வாரிக்கொண்டே அவள் காது மடலை மெல்ல மடக்கிப் பின்னால் பார்த்தாய். நான் அடுப்படியில் நின்று அதைப் பார்த்துவிட்டேன். உன் பெண் போனதற்கு அடுத்த வருஷம் பிறந்தவள் இவள். ஏதோ வேலை இருப்பதுபோல அவளைக் கூப்பிட்டுக்கொண்டேன்.

நீ புரிந்துகொண்டாய். சீப்பில் சிக்கிய முடியைச் சுருட்டிக்கொண்டே சொன்னாய்: "பயப்படாதடி. இவ ஒன் புள்ளதான். நான் சும்மா பாத்தேன்."

அவளுக்கு அங்கே மச்சம் கிடையாது. அது தெரிந்தும் அன்றைக்கு உப்பும் மிளகாயும் சுற்றி அடுப்பில் போட்டேன். அதற்குப் பிறகும் நீ வந்துபோய்க்கொண்டுதான் இருந்தாய், அவள் தலையையும் வாரினாய். ஆனால் அவளுடைய மஞ்சள் நீராட்டுக்குக் கூப்பிட்டபோது பந்தலுக்குள் வராமல் வாசலிலேயே நின்று, வந்தவர்கள் செருப்பு மாறாமல் பார்த்துக்கொண்டாய். நான் உள்ளே இழுத்தும் வரவில்லை.

அதே வருஷத்தில்தான் இருவரும் இங்கே விழுப்புரத்துக்கு வந்து, கையில் நேரம் இருந்ததால் பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்துத் தியேட்டரில் நுழைந்தோம். வேப்பிலை இல்லை, சிலை இல்லை, கூட்டமும் இல்லை. ஒரு தாய், காய்ச்சலில் கிடக்கும் ஒரு பிள்ளை. அவ்வளவுதான் படம். யாரும் பாட்டுக்கூடப் பாடவில்லை. பிள்ளைக்கு மூச்சு வாங்க ஆரம்பித்ததும் நீ வழக்கம்போல எழுந்து போய்விட்டாய். நான் அற்புதத்துக்காகக் காத்துக்கொண்டிருந்தேன். வரவில்லை. அந்தத் தாய் பிள்ளையின் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தே இருந்தாள். எல்லாம் முடிந்து வெகுநாள் கழித்து, பக்கத்து வீட்டில் அழுகிற ஒரு குழந்தையைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொள்கிறாள். அவள் முகம் மட்டும் திரையில் கொஞ்ச நேரம் நின்றது. வேறு ஆள்போல இருந்தாள். அதோடு விளக்கைப் போட்டுவிட்டார்கள்.

வெளியே வந்தேன். "புள்ள எந்திரிச்சிடுச்சா?" என்றாய்.

"இல்லடி. எந்திரிக்கல."

நீ சரி வா போலாம் என்று சொல்லவில்லை. என் முகத்தையே பார்த்தாய். "அவ இன்னா பண்ணா?" என்றாய். கூடவே உட்கார்ந்திருந்தாள் என்றேன். உடனே போய் அடுத்த காட்சிக்கு டிக்கெட் எடுத்து வந்துவிட்டாய். பஸ் போய்விடும் என்று நான் முணுமுணுத்ததைக் காதில் வாங்கவில்லை. அந்த முறை நீ எழுந்திருக்கவே இல்லை. பிள்ளைக்கு மூச்சு வாங்கியபோது என் முழங்கையைப் பிடித்துக்கொண்டாய். பிடித்த இடம் வீட்டுக்குப் போன பிறகும் வலித்தது.

திண்டிவனத்துக்குத் திரும்பும் பஸ்ஸில்தான் சொன்னாய். உன் பெண் ஆஸ்பத்திரியில் கிடந்தபோதும் அமாவாசை வந்தது. பெற்றவள் போய்க் கேட்டால்தான் ஆத்தா கொடுப்பாள் என்று எல்லாரும் சொன்னார்கள். மகளைப் பக்கத்துப் படுக்கைக்காரியிடம் ஒப்படைத்துவிட்டு மலையனூருக்கு ஓடினாய். அந்த ஜன நெரிசலில் கற்பூரத்தைக் கையில் ஏந்தி, நடுராத்திரியில் ஆத்தாவை ஊஞ்சலில் வைத்து ஆட்டுவதைப் பார்த்தாய். விடிந்து குங்குமத்தோடு நீ திரும்பி வந்தபோது கட்டிலில் விரிப்பை மாற்றிவிட்டிருந்தார்கள். பிள்ளை உன்னைக் கேட்டதாகப் பக்கத்துப் படுக்கைக்காரி சொன்னாளாம். எங்கம்மா எங்கே என்று கேட்டதாம்.

"அன்னைக்கு ஆத்தா என்னப் பாத்துட்டுதான் கைய விரிச்சிட்டா. நான் நிக்கிற எடத்துக்கு அவ வரமாட்டாடி. அதான் வெளிய வந்துடுறது. நான் குந்திக்கினு இருந்தா அந்தப் புள்ள எப்படி எந்திரிக்கும்?"

அது படம்டி, எப்பவோ எடுத்து முடித்தது, நீ இருந்தாலும் இல்லாவிட்டாலும் அந்தப் பிள்ளை எழுந்திருக்கும் என்றேன்.

"தெரியும்" என்றாய். "ஆனா எதுக்கு வம்பு?"

ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாய். ரொம்ப தூரம் போன பிறகு, என்னிடம் சொல்வதுபோலவும் இல்லாமல், "இந்தப் பொம்பளைக்கி ஒண்ணும் கெடைக்கல பாரு. ஆனா கூட இருந்தா" என்றாய். சொல்லிவிட்டுத் தூங்கிவிட்டாய். பஸ்ஸில் நீ தூங்கி நான் பார்த்தது அன்றைக்குத்தான்.

நீ போனது ஒரு காலை நேரத்தில். துணி காயப்போட்டுக்கொண்டிருந்தவள் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாய், ஆட்டோ வருவதற்குள் முடிந்துவிட்டது என்றார்கள். உனக்காக எந்தச் சாமியிடமும் போய் நிற்க யாருக்கும் நேரம் கிடைக்கவில்லை. நான் ஓடி வந்தபோது வாசலில் உன் செருப்பு ஜோடியாக இருந்தது. உன் முகத்தைவிட அதைத்தான் அதிக நேரம் பார்த்தேன். என் மகள் கல்யாணத்துக்கு நீ இல்லை.

இதோ நாத்தனார் வந்துவிட்டாள்.

அவள் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். "அண்ணி, ஸ்பெஷல் பஸ்ஸு வுடுறாங்களாம். ஜல்தி கெளம்புனீங்கன்னா ஊஞ்சலுக்குப் போயிடலாம். பெத்தவ போயி கேட்டாதான் ஆத்தா மனசு எறங்குவா. நான் இங்க குந்திக்கினு பாத்துக்குறேன், நீங்க போங்க."

அதே வார்த்தை. பெற்றவள் போய்க் கேட்டால்தான். ஆத்தாவை நம்பாதவள் இல்லை நான். போகாமல் இருந்து ஏதாவது ஆகிவிட்டால், ஒரு எட்டு போய்விட்டு வந்திருக்கலாமே என்று இவள் ஆயுசுக்கும் சொல்வாள். இவள் சொல்லாவிட்டாலும் நானே சொல்லிக்கொள்வேன். போய், அந்தக் கூட்டத்தில் நான் கற்பூரத்தோடு நிற்கும்போது இவள் கண் திறந்து எங்கம்மா எங்கே என்று கேட்டால்? எந்தப் பக்கம் நகர்ந்தாலும் பயம் அந்தப் பக்கம் வந்து நிற்கிறது.

"நீ போயிட்டு வாம்மா. எனக்கும் சேத்து கேளு. நான் இங்கதான் இருப்பேன்" என்றேன்.

வீம்புக்கு இது நேரமா என்று அவள் கண் கலங்கினாள். வீம்பு இல்லை, பயம்தான் என்று நான் சொல்லவில்லை. வாசல்வரை போனவள் திரும்பி வந்து, யாருக்கும் கேட்காத குரலில் இன்னொன்றும் சொன்னாள். "அந்த அக்காவுக்கு இவ மேல ரொம்ப ஆச அண்ணி. ஆசையோட போனவங்க சும்மா இருக்கமாட்டாங்க. ஆத்தாகிட்ட அதயும் சொல்லிட்டு வரேன்." அந்த அக்கா என்றது உன்னைத்தான்.

அவள் போய்விட்டாள். சொன்னது போகவில்லை. உன்னிடம் மறைப்பானேன்? அவள் வாய்விட்டுச் சொல்வதற்கு முன்பே எனக்கும் அந்த நினைப்பு வந்தது. முதல் தடவை உள்ளே விட்டபோது, குழாய்களுக்கு நடுவே கிடந்தவளின் தலைமுடியை யாரோ ஒதுக்கி, காதுக்குப் பின்னால் செருகிவிட்டிருந்தார்கள். நர்ஸ்தான் செய்திருப்பாள். எனக்கு உன் விரல் ஞாபகம் வந்துவிட்டது. நீ கூப்பிடுகிறாயோ, இவளும் திரும்பிப் பார்த்துவிட்டாளோ என்று பயந்தேன். உன்னைப் பார்த்து நான் பயப்படும் நாள் வரும் என்று நினைத்ததே இல்லை.

டிவியில் விளம்பரம் முடிந்து படம் திரும்ப வந்துவிட்டது. தாய்க்காரி பாட்டை விட்ட இடத்தில் தொடர்கிறாள். கூடத்தில் பேச்சு நின்றுவிட்டது. வாசல் செக்யூரிட்டிகூட அண்ணாந்து பார்க்கிறார். பக்கத்து அம்மாள் வேப்பிலையை நெஞ்சோடு சேர்த்துப் பிடித்திருக்கிறாள். என் கால் மறுபடி பரபரக்கிறது. எழுந்திருக்கக் கூடாது என்று நாற்காலியின் கையைப் பிடித்துக்கொண்டேன்.

அம்மன் இறங்கினாள். நீலம் வடிந்தது. பிள்ளை கண் திறந்து அம்மா என்றது. எப்பவோ எடுத்து முடித்த படம், இது இப்படித்தான் முடியும் என்று எனக்குத் தெரியாதா? இருந்தும் அந்தப் பக்கத்து அம்மாளின் கையைப் பிடித்துக்கொண்டு அழுதேன். எங்கள் இருவருக்கும் அறிமுகமே கிடையாது.

அழுது முடித்தபோதுதான் எனக்கு ஒன்று உறைத்தது. படத்தில் கிடக்கும் யாரோ ஒரு பிள்ளை எழுந்திருக்க வேண்டும் என்பதற்காக, காசு கொடுத்து வாங்கிய இடத்தை விட்டு வெயிலில் போய் நின்றவள் நீ. கேட்டது ஒரே கேள்வி, அதுவும் பிள்ளையைப் பற்றி. அப்படிப்பட்டவள் என் பிள்ளையைக் கூப்பிடமாட்டாய். நாத்தனார் என்ன சொன்னாலும் சரி, நீ கூப்பிடமாட்டாய். பயம் போய்விட்டது என்று சொன்னால் பொய். உன்னைப் பற்றிய பயம் போய்விட்டது. மற்றது அப்படியே இருக்கிறது.

கதவு திறந்து நர்ஸ் என் மகள் பெயரைச் சொல்லி, கூட இருப்பது யார் என்று கேட்கிறாள். நான் என்று கை தூக்கினேன். உள்ளே வந்து பக்கத்தில் உட்கார்ந்து, பெயர் சொல்லிக் கூப்பிட்டுப் பேச வேண்டுமாம். டாக்டரம்மா சொல்லியிருக்கிறாராம். அவளுக்குக் கேட்கிறதா என்றேன். கூப்பிட்டுப் பாருங்கம்மா என்றாள். அவள் முகத்தில் நல்லதும் தெரியவில்லை, கெட்டதும் தெரியவில்லை.

இங்கேயும் செருப்பை வெளியே விட்டுவிட்டுத்தான் போக வேண்டும். விட்டுவிட்டேன். இந்த ஒரு தடவை நீயும் உள்ளே வா என்று கூப்பிட ஆசைதான். நீ நிற்கிற இடத்துக்கு ஆத்தா வருவாள், வராமல் எங்கே போவாள் என்று உன்னிடம் சண்டை போடவும் ஆசைதான். ஆனால் இன்றைக்கு எனக்கு அந்தத் தைரியம் இல்லை. எதுக்கு வம்பு? கோபித்துக்கொள்ளாதே. எப்போதும்போல வெளியே, என் செருப்பைப் பார்த்துக்கொண்டு நில். நான் போய் அவள் கையைப் பிடித்துக்கொண்டு உட்காருகிறேன். எந்திரிச்சாலும் சரி, எந்திரிக்காவிட்டாலும் சரி, உன்னிடம் வந்து நானே சொல்கிறேன்.